சிக்னல் போடாதவர்

ஏழு வருஷம் இழுத்த வழக்கு கடைசியில் ஒரே ஒரு வரியில் வந்து மாட்டிக்கொண்டது.

என் வீட்டுக்காரர் டிரைவிங் ஸ்கூல் மாஸ்டர். அவர் போன ஸ்கூட்டரை லாரி இடித்து வலது முழங்கால் நொறுங்கியது. கீழ்க் கோர்ட் நஷ்டஈடு கொடுக்கச் சொன்னது. இன்சூரன்ஸ் கம்பெனி அப்பீலுக்குப் போனது. அந்தப் பணம் வந்தால்தான் ஆபரேஷன். இன்னும் தள்ளிப்போட்டால் நடப்பதே கஷ்டம் என்று போன மாதம் டாக்டர் கறாராகச் சொல்லிவிட்டார்.

அன்று சமரச அறையில் எல்லாம் நல்லபடியாகவே போனது. கம்பெனி அதிகாரி கொஞ்சம் ஏறி வந்தார், நாங்கள் கொஞ்சம் இறங்கினோம். எங்கள் வக்கீல் பேனாவைத் திறந்தே நீட்டினார். இந்த மனிதர் மட்டும் கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு சமரச மனுவை முதலிலிருந்து படித்தார். 'மனுதாரர் சிக்னல் போடாமல் திரும்பியதும் விபத்துக்கு ஒரு காரணம் என்பதை ஏற்று' என்ற இடத்தில் நின்றுவிட்டார்.

"நான் சிக்னல் போட்டேன்."

"இது சும்மா ஒரு வாசகம் சார். தொகையைக் குறைச்சதுக்கு ஃபைல்ல ஒரு காரணம் வேணும்," என்றார் அதிகாரி.

"தொகையை வேணா இன்னும் குறைச்சுக்கோங்க. காரணத்தை மாத்துங்க."

எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. "ஏங்க, முட்டி முக்கியமா, இண்டிகேட்டர் முக்கியமா?"

"இருபது வருஷமா பிள்ளைங்களுக்கு அதைத்தானே சொல்லிக் கொடுத்தேன்? லைட்டும் போடு, கையும் காட்டுன்னு. இப்ப நானே போடலைன்னு கையெழுத்துப் போடவா?"

இன்று முடியாவிட்டால் வழக்கு மறுபடி வரிசையின் கடைசிக்குப் போய்விடும். இவரோ தடியை இடது கையில் ஊன்றிக் கிளம்பியே விட்டார். பிடிவாதத்துக்குப் போட்டி வைத்தால் கோப்பையோடு வீடு திரும்புகிற ஆள். மனதுக்குள் திட்டிக்கொண்டே பின்னால் ஓடினேன். மனுவும் கையுமாக அதிகாரியும் வந்தார்.

தாழ்வாரத்தின் முனையில் வலப்பக்கம் திரும்ப வேண்டும். இவர் நின்றார். பின்னால் ஒரு முறை பார்த்தார். வலது கையை நேராக நீட்டினார். அப்புறம்தான் திரும்பினார்.

எனக்கு இது புதிதில்லை. இதை வைத்து அவரைக் கிண்டல் செய்யாத நாளே கிடையாது. அதிகாரிதான் அப்படியே நின்றுவிட்டார்.

"எப்பவும் இப்படித்தானாம்மா?"

"பாத்ரூம் போறதுக்குக்கூட இப்படித்தான் சார்."

அவரால் சிரிப்பை அடக்க முடியவில்லை. மனுவைச் சுவரில் வைத்து அந்த வரியை அடித்தார். 'இரு தரப்பும் மனமொப்பி' என்று மேலே எழுதி, ஓரத்தில் சின்னதாகக் கையெழுத்துப் போட்டார். தொகையைத் தொடவே இல்லை. "சார், இப்ப வாங்க!" என்று கூப்பிட்டார்.

இவர் கையெழுத்துப் போட்டு முடித்ததும் அப்பாடா என்று பெஞ்சில் சாய்ந்தேன். அழுகையும் சிரிப்பும் சேர்ந்தே வந்தன.

வெளி வாசலில் இடப்பக்கம் திரும்பும்போது, இருந்த சந்தோஷத்தில் நானும் கை நீட்டினேன்.

"லெஃப்ட் போறதுக்கு ரைட் கையைக் காட்டறே," என்றார். "இப்படித்தான் ஆக்சிடென்ட் ஆகுது."