முழங்கையின் அரசியல்

லோகேஸ்வரி எடுத்தது ஆவணப்படம்தான். ஆனால் அப்படிச் சொன்னால் அவளுக்குப் பிடிக்காது. 'பாலினம் குறித்த விசாரணை' என்பாள். விசாரிக்கப்பட்டவள் நவமணி. பினாங்கின் டத்தோ கிராமாட் வட்டாரத்தில் கல்யாணப் பெண்களுக்கு அலங்காரம் செய்பவள். ஆணாகப் பிறந்து, வீட்டைவிட்டு வெளியேறி, பெண்ணாக வாழ்கிறவள்.

நவமணி சம்மதித்தது விசாரணைக்காக அல்ல, தம்பி ஜெயராஜுக்காக. அவள் சேலை கட்டத் தொடங்கியதிலிருந்து அவன் அவளைப் பார்க்கவே இல்லை. இப்போது மனைவியிடம் சொல்லி அனுப்பியிருந்தான்: "நேர்ல பாக்க ஒரு மாதிரியா இருக்கு லா. மொதல்ல படத்துல பாக்குறேன். வீட்டுக்குக் கூப்பிடறதப் பத்தி அப்புறம் யோசிக்கலாம்."

ஆகவே படப்பிடிப்புக்கு நவமணி எப்போதும் முழு அலங்காரத்தோடு வந்தாள். கேமரா அவள் முழங்கையருகே நின்றது.

"மூஞ்சிய எப்ப எடுப்பீங்க தங்கச்சி?"

"எல்லாம் எடுக்குறோம்க்கா. நீங்க நேச்சுரலா இருங்க."

சூலியா தெருவில் ஒரு பழைய கடையின் மாடியில் திரையிட்டார்கள். ஏர்கோன் வேலை செய்யவில்லை. அதுவும் படைப்பின் பகுதி என்று சிலர் நம்பினார்கள். நவமணி பச்சைப் பட்டில் முன்வரிசையில் இருந்தாள். ஜெயராஜ் கடைசி வரிசையில், கதவோரம், மடியில் ஹெல்மெட்டுடன்.

முழங்கை வந்தது. குதிகால் வந்தது. கொடியில் துணி காய்ந்தது. மறுபடி முழங்கை, இன்னும் கிட்டத்தில். நவமணியின் குரல் பின்னோக்கி ஓடியது. முகம் வரவில்லை. 'முகம் என்பது சமூகம் நம்மீது ஒட்டிய விலாசம்' என்று துண்டறிக்கையில் போட்டிருந்தது, லோகேஸ்வரியின் சிரித்த முகத்துக்குக் கீழே.

"அண்ணே, ஆளு எப்ப வரும்?" ஜெயராஜ் பக்கத்திலிருந்தவரைக் கேட்டான்.

அவர் திரையிலிருந்த முழங்கையைக் காட்டினார். "இதான் தம்பி ஆளு."

கடைசிப் பகுதி வெறும் வெள்ளைத் திரை. பார்வையாளர்கள் அதில் தங்களைத் தேடிக்கொள்ள வேண்டுமாம். ஜெயராஜ் ஹெல்மெட்டை எடுத்துக்கொண்டு எழுந்தான். நாற்காலி இழுபடும் சத்தத்தில் நவமணி திரும்பிப் பார்த்தாள். அவன் கதவில் கை வைத்திருந்தான்.

அவள் எழுந்து போய்த் திரைக்கு முன்னால் நின்றாள். புரொஜெக்டர் வெளிச்சம் மொத்தமும் அவள் முகத்தில் விழுந்தது. மூக்குத்தி, வியர்வையில் கலைந்த மை, அப்பாவுக்கு இருந்த அதே தாடை.

யாரோ கைதட்ட, மற்றவர்களும் தட்டினார்கள். "துணிச்சலான முடிவு," என்றார் ஒரு விமர்சகர். லோகேஸ்வரி ஒரு கணம் விழித்தாள். பிறகு பல மாதம் யோசித்து வைத்தவள்போல் மெல்லத் தலையசைத்தாள்.

கைதட்டல் ஓயும்வரை ஜெயராஜ் கதவருகே நின்று பார்த்துக்கொண்டிருந்தான்.

"கண்ணு கூசும்க்கா. தள்ளி நில்லு," என்றான்.

நவமணி நகரவில்லை.

"பரவால்லடா. நீ பாத்து முடி."