ஃபிரிட்ஜுக்குச் சுருதி சேர்த்தவர்கள்

என் அண்ணன் மகனைக் கம்பி என்றுதான் கூப்பிடுவோம். ஒல்லி, எப்போதும் கையில் கிட்டார், யாருக்கும் வளைய மாட்டான். இதில் எதற்காக அந்தப் பெயர் வந்தது என்று இப்போது யாருக்கும் நினைவில்லை. ராக் இசைக்குழு வைத்துக்கொண்டு தலைமுடியை ஆட்டிக்கொண்டிருந்தவன் வக்கீலுக்குப் படித்ததற்குக் காரணம் ஒன்றே ஒன்றுதான். சொந்த அக்கா புருஷனைக் கூண்டில் ஏற்றி, "இந்த மெட்டு என்னுடையதில்லை" என்று அவன் வாயாலேயே சொல்ல வைக்க வேண்டும்.

அக்கா புருஷனுக்குத் தொண்டை என்று பெயர். அதே குழுவின் பாடகன். அவன் உச்சத்துக்குப் போனால் தெருக்கோடியில் நிறுத்தியிருக்கும் கார்கள் திருடன் வந்துவிட்டதாக நினைத்து அலறும். இதை நான் மிகைப்படுத்திச் சொல்லவில்லை. போலீஸ் இரண்டு தடவை வந்து தேடியது.

ஒத்திகை என் கார் ஷெட்டில் நடந்தது. கார் என்னிடம் கிடையாது. ஷெட் இருந்தது, அதில் ஒரு கிழட்டு ஃபிரிட்ஜ் இருந்தது. சுருதி பார்க்கும் கருவியைத் தொண்டை எங்கேயோ தொலைத்துவிட்டான். அன்றிலிருந்து ஃபிரிட்ஜ் போடும் 'ம்ம்ம்' என்ற முனகலுக்குத்தான் கிட்டாரைச் சேர்த்தார்கள். அதன் மோட்டாரோ தேய்ந்துபோனது. எந்த வாத்தியத்திலும் இல்லாத ஒரு சுருதியில் முனகும். அந்தச் சுருதியில்தான் அவர்களுடைய ஒரே வெற்றிப் பாட்டு பிறந்தது.

பாட்டு பாதியில் இருக்கும்போது ஃபிரிட்ஜ் நின்றுவிட்டது. பற்றிக்கொள்ளச் சுருதி இல்லாததால் இரண்டு பேரும் கையையும் வாயையும் அடக்கிக்கொண்டு காத்திருந்தார்கள். அது ஒரு உதறு உதறிக் கிளம்பியது, இவர்களும் கிளம்பினார்கள். அந்த இடைவெளி பாட்டிலேயே தங்கிவிட்டது. பிறகு எங்கே கச்சேரி நடந்தாலும் அந்த இடம் வந்தால் கூட்டம் முழுக்கக் கையைத் தூக்கி மூச்சைப் பிடித்துக்கொண்டு நிற்கும். ஒரு மைதானத்தில் தூக்கிய கைகளின் மேல் புறாக்கள் வந்து உட்கார்ந்துவிட்டன. பாட்டு மறுபடி ஆரம்பித்ததும் அவை போட்டுவிட்டுப் போனதைப் பற்றி யாரும் குறைபட்டுக்கொள்ளவில்லை.

இசைக் கம்பெனிக்காரன் ஒப்பந்தத்தோடு வந்தபோது கம்பி கிட்டாரில் அறுந்த கம்பியை மாற்றிக்கொண்டிருந்தான். மேடையில் விளக்குப் போட்டாகிவிட்டது. "கையெழுத்துப் போடுடா மச்சான், நேரமாச்சு" என்றான் தொண்டை. ஒலிபெருக்கிப் பெட்டியின் மேல் வைத்து, கம்பி படிக்காமல் போட்டான். மெட்டு அமைத்தவர் என்ற இடத்தில் தொண்டையின் பெயர் மட்டும் இருந்தது, இசைத்தட்டு கடைக்கு வந்த பிறகுதான் தெரிந்தது.

கம்பி கிட்டாரைச் சுவரில் மாட்டிவிட்டுச் சட்டப் புத்தகத்தை எடுத்தான்.

பாடகர், நடிகர், ஜோக் சொல்பவர் என்று மேடையேறும் எல்லாருக்கும் அவன்தான் வக்கீல் ஆனான். அந்தத் தொழிலின் ஒப்பந்தங்களில் ஒரு வரி இருக்கும்: இந்த உரிமை உலகம் முழுவதற்கும், இனி கண்டுபிடிக்கப்படும் எல்லா உலகங்களுக்கும் செல்லும் என்று. மற்ற வக்கீல்கள் அதைப் படித்துச் சிரித்துவிட்டுத் தாளைத் திருப்புவார்கள். கம்பி சிரிக்க மாட்டான். ஒரு பாடகிக்காக ஒரு நாள் முழுக்க மல்லுக்கட்டி, நிலாவைக் கம்பெனியிடமிருந்து மீட்டுக் கொடுத்தான். அந்தம்மாள் அங்கே இன்னும் கச்சேரி வைக்கவில்லை. ஆனால் வைத்தால் கேட்க ஆளில்லை.

பிறகு தொண்டைக்கு நோட்டீஸ் விட்டான்.

தொண்டை நேராகக் கம்பியின் அலுவலகத்துக்கு வந்தான். நானும் அங்கே உட்கார்ந்திருந்தேன். கம்பியின் காபி இயந்திரம் நல்லது.

"ஏன்டா, குடும்பத்துக்குள்ள நோட்டீஸா?"

"உட்காருங்க அத்தான். இல்ல, வேண்டாம். நிக்கிறதுதான் உங்களுக்குப் பழக்கம். மெட்டு போட்டவன் உட்கார்ந்து போட்டான், திருடினவன் நின்னுக்கிட்டே கொண்டுபோனான்."

"நீ போட்ட மெட்டா? நீ கம்பிய முறுக்கின நேரம் போக வாசிச்ச நேரம் எவ்வளவுடா? என் குரல் இல்லன்னா உன் மெட்டை நாய் கூட மோந்து பார்க்காது."

"குரல்னு சொல்லாதீங்க. காருக்கே பிடிக்கல."

தொண்டை என் பக்கம் திரும்பினான். "சித்தப்பா, நீங்களே சொல்லுங்க."

"சர்க்கரை கம்மி" என்றேன்.

வீட்டில் கம்பியின் அக்கா இருவரையும் ஒரே மேசையில் முதுகோடு முதுகாக உட்கார வைத்துச் சோறு போட்டாள். "ரெண்டு பேர் மூஞ்சியும் பார்க்கச் சகிக்கல. ஜெயிக்கிறவனுக்கு நாளைலேருந்து சோறு கிடையாது. தோக்கிறவனுக்கும் கிடையாது" என்றாள். நியாயமான பெண்.

கோர்ட்டில் நீதிபதி அம்மாள் முன்னால் தொண்டை கூண்டில் ஏறி, பாட்டு முழுவதையும் தன் வீட்டு மாடியில் தனியாக, கம்பியைச் சந்திப்பதற்கு முன்பே போட்டதாகச் சத்தியம் செய்தான். நடுவில் வரும் இடைவெளி? "நாலு தட்டு எண்ணி விட்டேன் அம்மா. அது என் உள்ளத்து வலி." கண்ணைத் துடைத்துக்கொண்டான்.

கம்பியும் குறைந்தவனில்லை. மெட்டு, இடைவெளி, மூச்சு எல்லாமே தனியாகத் தான் போட்டது, அத்தானுக்கு அதில் எள்ளளவும் பங்கில்லை என்று சத்தியம் செய்தான்.

"அம்மா, பாட்டு எந்தச் சுருதியிலயும் சேராது. ஏன்னா அது எங்க சித்தப்பா ஷெட்டுல பிறந்தது. சாட்சியக் கூப்பிடுறேன்."

ஃபிரிட்ஜை நாலு பேர் தூக்கிக்கொண்டு வந்தார்கள். அதற்குச் சத்தியப் பிரமாணம் செய்விக்கலாமா என்று ஒரு சின்ன விவாதம் நடந்தது. வேண்டாம் என்று முடிவானது. மின்சாரம் கொடுத்தார்கள். முனகவில்லை. நீதிபதி அம்மாள் கடிகாரத்தைப் பார்த்தார். கடைசியில் கோர்ட் குமாஸ்தா தன் மதியச் சாப்பாட்டுப் பெட்டியை உள்ளே வைத்தார். உடனே அது 'ம்ம்ம்' என்றது. வேலை இல்லாமல் பேசாத சாட்சி.

கம்பி கிட்டாரை எடுத்தான். இசைத்தட்டைப் போட்டார்கள். மூன்றும் ஒன்றாக இழைந்தன. தொண்டையின் முகம் கறுத்தது.

"போதும், இசைத்தட்டை நிறுத்துங்க" என்றார் நீதிபதி. நிறுத்தினார்கள். கம்பி மட்டும் நிறுத்தவில்லை. இத்தனை வருடம் காத்திருந்தவன், வாசித்துக்கொண்டே போனான். சாட்சியை வீட்டில் ஒத்திகை பார்க்காமல் கூண்டில் ஏற்றக் கூடாது என்று சட்டம் படித்த எல்லாருக்கும் தெரியும். அவனுக்கும் தெரியும். ஆனால் ஃபிரிட்ஜுக்கு யார் ஒத்திகை பார்ப்பார்கள்?

பாட்டு பாதிக்கு வந்தது. ஃபிரிட்ஜ் நின்றது.

கம்பியின் கை தானாக நின்றது. கோர்ட்டே மூச்சைப் பிடித்தது. பின்வரிசையில் கைகள் உயர்ந்தன. குமாஸ்தாவின் கை உயர்ந்தது. நீதிபதி அம்மாளின் கையும் உயர்ந்தது; அதை அவர் பிறகு மூக்குக்கண்ணாடி சரிசெய்ததாகக் குறிப்பில் எழுதச் சொன்னார். நாலு தட்டு போனது. எட்டு போனது. தொண்டை எண்ணவில்லை. கூண்டின் கம்பியைப் பிடித்துக்கொண்டு ஃபிரிட்ஜையே பார்த்துக்கொண்டிருந்தான்.

ஃபிரிட்ஜ் உதறியது.

அந்த நொடியே கம்பியின் விரல் விழுந்தது, தொண்டையின் வாய் திறந்தது. வெளியே வாகனம் நிறுத்தும் இடத்தில் எல்லாக் கார்களும் அலறின.

நீதிபதி இருவரையும் மாறி மாறிப் பார்த்தார். "மாடியில தனியா போட்டேன்னீங்க. ஃபிரிட்ஜ் உதறுறது உங்களுக்கு எப்படித் தெரியும்?" பிறகு கம்பியின் பக்கம் திரும்பினார். "இடைவெளி நான் போட்டதுன்னு நீங்க சத்தியம் பண்ணீங்க. அப்ப ஏன் அது கிளம்புற வரைக்கும் காத்திருந்தீங்க?" கம்பி கிட்டாரைக் கீழே வைத்தான்.

தீர்ப்பு சின்னது. ஷெட்டில் இரண்டு பேருமே இருந்தார்கள், இரண்டு பேருமே பொய் சொன்னார்கள். ஆகவே மெட்டு இரண்டு பேருக்கும் பொது. ஒருவர் சம்மதமில்லாமல் இன்னொருவர் அதைப் பாடவோ வாசிக்கவோ கூடாது. உலகம் முழுவதும், இனி கண்டுபிடிக்கப்படும் எல்லா உலகங்களிலும். இடைவெளி மட்டும் இவர்கள் யாருக்கும் சொந்தமில்லை.

"சம்மதம் தரீங்களா அத்தான்?" என்றான் கம்பி வாசலில்.

"என் பொணத்துக்கிட்ட கேளுடா."

"அன்னிக்கும் தர மாட்டீங்க. தெரியும்."

இப்போது தொண்டை மேடையில் அந்தப் பாட்டின் இடைவெளியை மட்டும்தான் நடத்துகிறான். மைக்கைப் பிடித்துக்கொண்டு சும்மா நிற்பான், கூட்டம் கையைத் தூக்கும். அரங்கம் நிறைகிறது. கம்பி முதல் வரிசையில் உட்கார்ந்து அவன் கழுத்தையே பார்த்துக்கொண்டிருப்பான். நரம்பு துடித்தால் மறுநாள் நோட்டீஸ்.

போன வாரம் தொண்டை ஷெட்டுக்கு வந்தான். மேடையில் வைக்க அந்த ஃபிரிட்ஜ் வேண்டுமாம். அவன் தெருமுனை திரும்புவதற்குள் கம்பி வந்தான். அதை உடைக்க வேண்டுமாம், சுத்தியலோடு வந்திருந்தான்.

இரண்டு பேருக்கும் தரவில்லை. அதில் என் பால் இருக்கிறது.