அஸெனோரின் குரல் வந்த வியாழக்கிழமை

1984 நவம்பர் பதினைந்தாம் தேதி, வியாழக்கிழமை மதியம், பிரெஞ்சுக் கடற்கரையின் துவார்னெனே துறைமுகத்தில் கெர்வோஸ் வீட்டுச் சாப்பாட்டு மேசையில் இருந்தவர்கள்: மத்தி மீன் டப்பா ஆலையின் முதலாளி கூல்வென் கெர்வோஸ், அவர் மனைவி மரிவொன், பங்குத் தந்தை கெமெனர், இறந்து ஆறு நாளாகியிருந்த தங்கை அஸெனோரின் குரல். வேறு யாரும் இல்லை. தானும் இருந்ததாகச் சொல்பவர் எவரும் அன்று அந்த வாசற்படியை மிதித்தவரல்லர்.

அஸெனோர் 1961-இல் பாரிசுக்குப் போய் நடிகையானாள். ஃபோவெல் என்ற இயக்குநரின் படங்களில் மட்டுமே நடித்தாள். ஒன்றில் மூன்று மணி நேரம் ஆப்பிள் தோல் சீவினாள். இன்னொன்றில் சுவரைப் பார்த்து நின்றாள். சுவர் அவளைவிட நன்றாக நடித்திருப்பதாகப் பத்திரிகையில் வந்தது. மீன் டப்பாவில் இருக்கும் குடும்பப் பெயர் சினிமாச் சுவரொட்டியில் வரக் கூடாது என்று கூல்வென் ஒரே ஒரு கடிதம் எழுதினார். அன்றிலிருந்து அவள் வெறும் அஸெனோர். 1967-இல் ஃபோவெல் படத்தையும் ஒலியையும் பிரித்தார். திங்களன்று திரையில் ஊமைப்படம். பதினோரு நாள் கழித்து, வெள்ளியன்று, அதே அரங்கின் இருட்டில் வெறும் ஒலி. ஐந்து மாதம் அப்படி ஓடியது. ஓடி முடிந்தபோது அவள் குரல் வாய்க்குத் திரும்பவில்லை. எதைப் பேசினாலும், பேசிய இடத்தில், பதினோரு நாள் கழித்தே கேட்டது.

பாரிஸ் பழகிக்கொண்டது. "நீ அன்னிக்குக் கேட்ட ரொட்டி இன்னிக்குத்தான் காதுல விழுந்துச்சு, வந்து வாங்கிட்டுப் போ" என்று ரொட்டிக்கடைக்காரி கேலி பேசினாள். ஆளில்லாத மாடிப்படியில் அவள் சிரிப்பு இறங்கி வரும். அந்தக் காலத்து ஆட்கள் தொப்பியைக் கழற்றி வழிவிடுவார்கள்.

ஆண்டுதோறும் கல்லறைத் திருநாளுக்கு ஊருக்கு வருவாள். பெற்றோர் கல்லறையில் சாமந்தி வைத்துவிட்டு அண்ணன் வீட்டில் சாப்பிடுவாள். அவள் உதடு அசையும்போது கூல்வென் தன் தட்டைப் பார்ப்பார். பதினோராம் நாள் சாப்பாட்டறையைப் பூட்டிவிட்டு ஆலைக்குப் போய்விடுவார்.

"பூட்டிட்டா நின்னுருமா? உங்க தங்கச்சி உள்ளே நாற்காலிகிட்டப் பேசிக்கிட்டிருக்கா" என்பாள் மரிவொன்.

"பேசட்டும். சினிமாக்காரிக்குக் கேட்க ஆளா இல்ல?"

இப்படிப் பதினேழு ஆண்டுகள். கடைசி முறை, நான்காம் தேதி ஞாயிறன்று, அவள் உதடு ஒரே ஒரு தடவைதான் அசைந்தது. கூல்வென் பார்க்கவில்லை. வெள்ளியன்று பாரிசில் அவள் இதயம் நின்றது. குடும்பக் கல்லறையிலேயே அடக்கம் செய்து, கல்லில் கெர்வோஸ் என்ற பெயரையும் சேர்த்து வெட்டச் சொன்னார்.

வியாழனன்று அவர் அறையைப் பூட்டவில்லை. கழுத்துப்பட்டி கட்டி, பங்குத் தந்தையையும் அழைத்துவந்து உட்காரவைத்தார்.

"சாமி, அவ என்னைத் திட்டியிருந்தா நீங்களும் கேட்கணும். பின்னால ஊரு கூட்டியும் குறைச்சும் பேசக் கூடாது."

"அது வரட்டும் கூல்வென். சூப் ஆறுது, குடி."

பன்னிரண்டரை மணிக்குக் காலி நாற்காலியில் குரல் கேட்டது. துறைமுகத்துப் பேச்சு, கொஞ்சமும் மாறவில்லை.

அவள் மன்னிப்புக் கேட்டாள் என்று மீன் ஏலக்கூடத்தில் இன்றும் சொல்கிறார்கள். தவறு. அவள் சொன்னது, "அண்ணே, அந்த வெண்ணெயைக் கொஞ்சம் இப்படித் தள்ளு." கூல்வென் தள்ளினார்.