வாசலில் கூப்பிடப்படாத பெயர்

1

மூன்று கிழமையாக ஒரு பெண்ணை ஒரு தேவாலய முற்றத்திலிருந்து வெளியே கொண்டுவர முயல்கிறேன், முடியவில்லை. அவள் பெயர் செம்பி. ஒல்லாந்தர் காலத்துத் திருகோணமலையில் கம்பனிக்கு அடிமை. இடுப்பில் மூன்று வயது மகள். கதையில் இன்று ஞாயிறு. நாளை திங்கட்கிழமை, மகளை மட்டும் கப்பலேற்றி யாவாத் தீவிலுள்ள பத்தேவியாவுக்கு அனுப்பப் போகிறார்கள். முற்றத்துக்குக் கீழே கடல். கடலில், குடாவின் அக்கரையிலுள்ள கொட்டியாரத்துக்குப் போகிற தோணி. எல்லாம் ஆயத்தம். ஒரு சின்னச் சிக்கல்தான் மிச்சம்: பிரசங்கம் முடிந்ததும் வாசலில் பெயர் கூப்பிடுவார்கள்.

கதை பிறந்த இடத்தையும் சொல்லிவிடுகிறேன். திருகோணமலையில் மூதூர்ப் படகுக்குக் காத்து நின்ற ஒரு காலையில், இந்தக் கொட்டியாரக் குடாவை அந்த நாளில் யார் யார் ஒளித்துக் கடந்திருப்பார்கள் என்று நினைத்தேன். அவ்வளவுதான். (தேவாலயமும் செம்பியும் என் கற்பனை. அடிமைகளை உட்காரவைத்துப் போதித்த காலம் கற்பனை அல்ல.)

2

பெயர் கூப்பிடுவது எப்படி நடக்கிறது என்று விளக்க வேண்டும். எனக்கு இப்படியான விசயங்களில் கொஞ்சம் ஆசை அதிகம், பொறுத்துக்கொள்ளுங்கள்.

பாதிரியாருக்குக் கீழே அடிமைகளுக்குப் போதிக்கிற உபதேசியார் பிலிப்பு ஒரு பட்டியல் வைத்திருக்கிறார். முப்பத்திரண்டு பெயர்கள். ஒவ்வொரு ஞாயிறும் காலையில் தொடங்குகிற, எசமானுக்குக் கீழ்ப்படிவதைப் பற்றிய அதே பிரசங்கத்தைப் பின்னேரம் முடித்துவிட்டு, பட்டியலைக் காவலாளிடம் கொடுப்பார். காவலாள் கிழமைக்குக் கிழமை மாறுகிறவன். முகம் தெரியாது, பெயர்தான் தெரியும். விடை சொன்னவர் வரிசையில் சேர வேண்டும். விடை வராவிட்டால் கடற்கரை முழுக்கத் தேடுவார்கள். எல்லாரும் சொல்லிவிட்டால் வரிசை கொட்டிலுக்குப் போகும், கதவு பூட்டப்படும், திங்கள் விடியும்வரை யாரும் திறக்க மாட்டார்கள். (இடுப்புப் பிள்ளைக்குப் பட்டியலில் இடமில்லை. தாய்க்குள் அடக்கம்.)

முதல் வரைவு: செம்பி கடலை நோக்கி ஓடினாள். காவலாள் துவக்கைத் தூ—

இல்லை. பிள்ளையோடு அவ்வளவு வேகமாக ஓட முடியாது.

இரண்டாம் வரைவு: இன்னொருத்தி அவளுக்காக விடை சொன்னாள்.

அந்த இன்னொருத்திக்குத் திங்கட்கிழமை என்ன நடக்கும் என்று யோசித்தேன். அழித்தேன்.

மூன்றாம் வரைவில் உபதேசியார் மனமிரங்கி, கண்ணீரோடு பின்கதவைத் திறந்துவிட்டார். எனக்குப் பிடித்திருந்தது. மனைவி சுலோஜனா குசினிக் கதிரையில் இருந்து வாசித்தாள்.

"காலமை முழுக்கக் கீழ்ப்படி கீழ்ப்படி எண்டு போதிச்சுப்போட்டு, பின்னேரம் கதவு திறக்கிறாரோ? நல்ல வசதியான மனச்சாட்சி."

"மனுசர் மாறக்கூடாதோ?"

"மாறலாம். ஆனா அவள் தப்பின கதையில நீங்கள் இவருக்கெல்லோ மாலை போடுறியள்."

அந்தப் பக்கத்தையும் கிழித்தேன்.

3

அன்று பின்னேரம் நஜ்முன் நிஸா ரீச்சர் வந்தார். சுலோஜனாவோடு படிப்பிக்கிறவர். குறிஞ்சாக்கேணியிலிருந்து எங்கள் லிங்கநகருக்குக் குடிவந்து நாலு மாதம். லிங்கநகரில் யாருக்காவது முறைப்பாட்டுக் கடிதம் தேவையென்றால் என்னிடம்தான் வருவார்கள். கதை எழுதுவதால் எனக்குக் கிடைத்த ஒரே மரியாதை அது.

"சேர், நான் இப்ப எங்கயும் இல்லாத ஆள்," என்றார்.

"அப்ப தேத்தண்ணி ஆருக்கு ஊத்துறது?" என்று சுலோஜனா உள்ளிருந்து கேட்டாள்.

"ஊத்துங்க, ஊத்துங்க. இல்லாத ஆளுக்குச் சீனி குறைச்சு." பிறகு என் பக்கம் திரும்பினார். "அங்கத்த கிராமத்து விதானையார் நல்ல மனுசன் சேர். நான் போறன் எண்டு சொன்ன அண்டைக்கே வாக்காளர் பட்டியல்ல பேரை வெட்டிட்டார். இங்கத்தவர் அடுத்த பதிவு வரக்குள்ளதான் ஏத்துவாராம். நடுவில எலக்சன் வந்து போச்சு. ஆரும் என்னைத் தேடவும் இல்ல."

"ஆரில பிழை?"

"ஆரிலயும் இல்ல. அதுதான் எரிச்சல். ஆரையும் ஏசவும் ஏலாது!"

நான் எழும்பி நின்றுவிட்டேன்.

"வெட்டினது முதல், ஏத்துறது பிறகு?"

"ஓம் சேர். ஏன் சிரிக்கிறீங்க?"

"ரீச்சர், உங்கட கடிதத்தை இண்டைக்கே எழுதித் தாறன். அதுக்கு முதல் ஒரு ஆளை அக்கரையில விட்டிட்டு வாறன்."

4

ஆகவே, செம்பிக்கு அன்று ஞானஸ்நானம்.

தண்ணீர் நெற்றியில் விழுந்ததும் அவள் பெயர் சுசன்னாள் ஆகிறது. பாதிரியார் அந்தப் பெயரைத் தன் பெரிய புத்தகத்தில் பதிந்து மூடுகிறார், அது சடங்கில் சேர்த்தி. உபதேசியார் உடனே தன் பட்டியலில் 'செம்பி'யின் மேல் ஒரு கோடு கீறுகிறார். ஞானஸ்நானம் பெற்றவளைப் பழைய பெயரில் ஒரு நிமிடம் வைத்திருப்பதும் அவருக்குப் பாவம். புதுப் பெயரைப் பட்டியலில் ஏற்றுவது எழுத்து வேலை, ஓய்வுநாளில் வேலை ஆகாது, நாளைக்குச் செய்வார். கோடு கீறுவது? அது வேலை அல்ல, பக்தி.

அவர் இரங்கவில்லை. கவனித்தீர்களா? இரங்கவே தேவையில்லை.

செம்பிக்கு இது முன்பே தெரியும். இரண்டு ஞாயிறுக்கு முன் முத்தன் என்பவனுக்கு ஞானஸ்நானம் நடந்தது. அவன் பெயரை வாசலில் யாரும் கூப்பிடவில்லை. பயந்துபோன முத்தன் தானாகவே ஓடிப்போய் வரிசையில் நின்றுகொண்டான். எல்லாரும் சிரித்தார்கள். செம்பி சிரிக்கவில்லை. அடுத்த நாளே உபதேசியாரிடம் போய், தனக்கும் ஞானஸ்நானம் வேண்டும் என்று கேட்டாள். அவர் மிகவும் மகிழ்ந்தார்.

இப்போது காவலாள் முப்பத்தொரு பெயர் கூப்பிடுகிறான். முப்பத்தொரு விடை வருகிறது. வரிசை போகிறது. வேப்பமரத்தடியில் ஒருத்தி பிள்ளையை மறு இடுப்புக்கு மாற்றுகிறாள்.

மூன்று கிழமைக்குப் பிறகு நான் நன்றாக மூச்சு விட்டேன். தேத்தண்ணி ஆறிப்போயிருந்தது, பரவாயில்லை.

அக்கரையில் அவளை எந்தப் பெயரால் கூப்பிடுவது, பிள்ளைக்கு என்ன பெயர் என்பதெல்லாம் உங்கள் பாடு. நான் பட்டியல் வைத்திருக்கப் போவதில்லை. என் சிக்கல் வாசல் மட்டும்தான், அது தீர்ந்தது:

பழைய பெயர் ஞாயிறு பின்னேரம் வெட்டப்படுகிறது. புதுப் பெயர் திங்கள் காலைதான் ஏறும். இடையில் அவளை யாரும் கூப்பிட மாட்டார்கள். குடாவைக் கடக்க அந்த நேரம் போதும்.