பன்னிரண்டு நிமிடப் பூஞ்சை

மனிதகுல வரலாற்றில் கண்ணீரை நேர்மையாகக் கையாண்ட ஒரே ஆவணப்பட இயக்குநர் என் பெரியம்மா மகன்தான். இதை நான் சொல்லவில்லை. அண்ணனே சொன்னான், மாடிப்படி ஏறும்போது, மூச்சிரைக்க. மற்ற இயக்குநர்கள் எல்லாம் பேட்டி கொடுப்பவரை அழவைத்து, ஃபோகஸ் சரியில்லை என்று திரும்பவும் அழச் சொல்பவர்களாம்.

"பொணத்தத் தட்டி எழுப்பி, இன்னொரு தடவ செத்துக் காட்டுன்னு கேக்குற கூட்டம்டா அது."

நினைவையும் இடத்தையும் பற்றி அண்ணன் நாலு வருடமாக ஒரு பரிசோதனைப் படம் எடுக்கிறான். அவன் வளர்ந்த மூன்றாம் மாடி வீடு இருக்கும் கட்டடத்தை நாளைக் காலை இடிக்கிறார்கள். இன்று ஏதாவது கிடைத்தால் படம், இல்லையென்றால் நாலு வருடமும் குப்பை. மைக் பிடிக்க நான். நினைவுகூரப் பெரியம்மா.

கதவைத் திறந்ததும் குமட்டியது. கடைசியாகக் குடியிருந்தவர் நாய்த்தீவன மூட்டைகளை அடுக்கியிருந்தாராம். மூட்டைகள் போய்விட்டன, புழுக்கள் தங்கிவிட்டன. பாத்திரம் கழுவும் தொட்டியில் ஒரு புறா செத்துக் கிடந்தது, பாதி இறகு, பாதி எறும்பு. மூக்கைப் பொத்தினால் மைக் ஆடியது. மைக்கைப் பிடித்தால் மூக்கு மாட்டிக்கொண்டது. இந்த நாற்றத்தையும் படத்தில் கொண்டுவர வேண்டும் என்றான் அண்ணன். எப்படி என்று நான் கேட்கவில்லை. கேட்டால் சொல்வான்.

பெரியம்மாவுக்கு எந்த நினைவும் வருவதாகத் தெரியவில்லை. அப்பா உயிரோடிருந்தபோது வழக்கமாக உட்காரும் இடம் எது என்று அண்ணன் கேட்டதற்கு, இந்த வீட்டில் எங்கே உட்கார்ந்தாலும் கரப்பான்தான் என்றார். கழிவுநீர்க் குழாயைக் குனிந்து பார்த்து, அன்றைக்கே மாற்றச் சொன்னேன் என்று அலுத்துக்கொண்டார். அண்ணன் வெறுத்துப்போய்க் கேமராவைச் சுவரில் படர்ந்திருந்த கறுப்புப் பூஞ்சையின் பக்கம் திருப்பினான். பன்னிரண்டு நிமிடம், ஒரே ஷாட், யாரும் மூச்சுவிடக் கூடாது. அந்த வீட்டில் மூச்சுவிடாமல் இருப்பதில் எனக்கு ஆட்சேபணையே இல்லை.

ஒன்பதாவது நிமிடத்தில் முதுகுக்குப் பின்னால் விசும்பல் கேட்டது. பெரியம்மா குளியலறைக் கதவைத் தொட்டுக்கொண்டு நின்றார். தாழ்ப்பாள் கதவின் வெளிப்பக்கத்தில் இருந்தது. பெரியப்பா தன் கையாலேயே மாட்டியது.

"உள்ள போடச் சொன்னா வெளியில போட்டு வச்சிட்டார்டா. கழட்டவும் சோம்பேறித்தனம். யாரும் தெறந்துடக் கூடாதுன்னு நான் குளிச்சு முடிக்கிற வரைக்கும் ஸ்டூல் போட்டு வெளியில உக்காந்திருப்பார். பதினாறு வருஷம்."

அண்ணன் திரும்பாமல் உதட்டில் விரலை வைத்து "உஷ்" என்றான். ஷாட் ஓடிக்கொண்டிருந்தது. என் மைக்கும் பூஞ்சையின் பேச்சைத்தான் பதிவுசெய்துகொண்டிருந்தது.

பன்னிரண்டு நிமிடம் முடிந்தபோது பெரியம்மாவும் அழுது முடித்து, கைக்குட்டையை மடித்துப் பைக்குள் வைத்திருந்தார். எது கைவிட்டுப் போனது என்று அப்போதுதான் அண்ணனுக்கு உறைத்தது. சத்தமில்லாமல் ட்ரைபாடைத் தூக்கிக் குளியலறை முன்னால் நட்டான்.

"அம்மா, அந்தத் தாழ்ப்பாளத் தொடுறதுலேர்ந்து வருவோமா?"

"அழணுமாடா?"

"வந்தா வரட்டும்மா."

வரவில்லை. நாலு முறை தொட்டார், நாலு முறையும் தாழ்ப்பாள்தான் கிறீச்சிட்டது. பிள்ளைக்கு உதவ முடியவில்லையே என்று பெரியம்மாவின் முகம் வாடியது. அழுகை மட்டும் வரவில்லை. புறா இருந்த பக்கமே தேவலை என்று எனக்குத் தோன்றியது.

எடிட்டிங் செய்து கண் வறண்டுபோனதற்கு டாக்டர் கொடுத்த சொட்டு மருந்து அண்ணன் சட்டைப்பையில் இருந்தது. அதை அவன் எடுத்ததும் பெரியம்மா தானாகவே அண்ணாந்தார். நான் மைக்கை நீட்டினேன். அண்ணன் கேமரா இருக்கும் பக்கத்தை ஒருமுறை திரும்பிப் பார்த்துவிட்டு, அந்தப் பக்கத்துக் கண்ணில் மட்டும் ஒரு சொட்டு கூடுதலாக விட்டான்.