சுரண்டிய லேபிள்

போகோட்டாவிலிருந்து வந்தவனைப் பார்த்ததுமே எனக்குப் பிடிக்கவில்லை. மலைக்காரன் எங்கள் துறைமுக ஊரான பர்ரான்கியா வெயிலில் கோட்டு மாட்டிக்கொண்டு வந்தால், எதையோ சுருட்டிக்கொண்டு போகத்தான் வருவான்.

"எவேலியோ அனுப்பின ஆளுடி," என்று காதைக் கடித்தாள் அக்கா தெல்ஃபினா. எங்கள் பாட்டுத் தொழில் போட்டிக்காரன் எவேலியோ செத்துப் பன்னிரண்டு வருஷம். அக்காவின் சந்தேகத்துக்குச் சாவு ஒரு பொருட்டா?

இசைத்தட்டுப் பெட்டியின் சாவி என் கழுத்தில்தான் தொங்கும். வேறு யாரையும் அவள் நம்பியதில்லை.

வந்தவன் பெயர் ஓத்தோனியல். அவன் வேலை பார்க்கும் அருங்காட்சியகச் சுவரில், இந்த ஊருக்கு டிஸ்கோ ஆட்டத்தைக் கொண்டுவந்தவர் எவேலியோ என்று எழுதப்போகிறார்களாம். 'நண்டு' பாட்டை முதலில் போட்டவர் அவராம்.

"அந்தப் பாட்டுக்கு நண்டுன்னு பேர் வச்சவளே நான்தான்யா!" அக்கா மேசையைத் தட்டியதில் புளிச்சாறு சிந்தியது. "தெருவுல நான் அடுக்கின ஸ்பீக்கர் சுவருக்கு முன்னாடி ஊரே ஆடுச்சு. அந்தத் திருட்டுப்பய அப்புறம்தான் போட்டான்!"

"அவரு தட்டுல லேபிள் இருக்கும்மா. தருவிச்ச தேதியோட ரசீதும் இருக்கு. உங்க தட்டுல ஒண்ணுமே இல்லியே?"

எப்படி இருக்கும்? மாலுமிகளிடம் வாங்கிய தட்டின் லேபிளை பிளேடால் சுரண்டிவிட்டு, நாங்களே ஒரு பெயர் வைப்போம். அசல் பெயர் தெரிந்தால் போட்டிக்காரனும் அதையே தருவித்துவிடுவான். ஊரில் எல்லோரும் செய்ததுதான் என்று அக்கா அவனிடம் விளக்கினாள். சொந்தக் கையாலேயே அத்தாட்சியைச் சுரண்டிப் போட்டோம்.

"அப்ப அவருக்கு எப்படி அசல் பேர் தெரிஞ்சுது?"

"நாப்பது வருஷமா அதையேதான்யா கேக்குறேன்! பல்பு மாட்டுனவனா, ஐஸ்காரனா, ஸ்பீக்கருக்குத் தீர்த்தம் தெளிச்ச பாதிரியாரா..."

பிளேடு பிடித்தது நான். சுரண்டுமுன் படித்தவளும் நான் ஒருத்திதான். கார்னிவலில் எவேலியோ என்னோடு ஒரு முழுப் பாட்டுக்கு ஆடினான். அந்த மயக்கத்தில் அசல் பெயரைச் சொல்லித் தொலைத்தேன். இப்போது வாயை மூடிக்கொண்டால் சுவர் அவனுக்கு.

"நான்தான் சொன்னேன்," என்றேன். "அக்கா அந்தப் பாட்டைப் போட ஆரம்பிச்சு மூணு மாசம் கழிச்சு. அவனுக்கு அதுக்கு முன்னாடி அப்படியொரு பாட்டு இருக்குறதே தெரியாது. எங்க வேணா வந்து கையெழுத்துப் போடறேன்."

ஓத்தோனியலின் பேனா ஓடியது. அக்கா என் பக்கம் திரும்பவேயில்லை.

"எழுதிக்கிட்டியாப்பா? என் பேரைப் பெரிசா எழுது."

பிறகு என்னிடம் கையை நீட்டினாள்.

"சாவியைக் கழட்டு."