ரேணுகாம்பாள் எழுந்திருக்கிற இடம்

…மூன்றாவது தெருவிலும் சிரித்துவிட்டார்கள், சிரிக்கட்டும், அவர்களைச் சொல்லி என்ன குற்றம், சடையப்பன் தமுக்கைத் தோளில் ஏற்றிக்கொண்டான், கால் அது பாட்டுக்கு நடந்தது. விடியற்காலையில் ரேணுகாம்பாள் போய்விட்டாள், ஒரே நாள் பேதி, கட்டின பெண்டாட்டி, கடைசியாகத் தண்ணீர் கேட்டாள், கொடுத்தான், குடிக்கவில்லை. அழுகை வரவில்லை. ஏன் வரவில்லை? பதினாறு வயதில் தெருக்கூத்தில் ராணி வேஷம் கட்டி ஆரணியையே அழவைத்தவன்தானே, குரல் உடைந்ததும் ராட்சசன், தொப்பை விழுந்ததும் மந்திரி, பல் போனதும் கட்டியக்காரன், ராஜாவுக்கு முன்னால் வந்து சனத்தைச் சிரிக்கவைக்கிற வேலை. பகலில் தாலுகா கச்சேரிக்குத் தமுக்கு, அம்மை குத்த வருகிறார்கள், ஏரி மதகு திறக்கிறார்கள், எல்லாம் இந்தத் தொண்டைதான். எவன் வீட்டுச் சாவையும் இவன்தான் தெருத்தெருவாகச் சொல்லுவான். இன்று தன் வீட்டுச் சாவையும் தானே சொல்லும்படி ஆயிற்று, வேறு யார் சொல்வார்கள்? தூக்க நாலு பேர் வேண்டும், பொழுது சாய்வதற்குள் வேண்டும், பேதிப் பிணத்தை இராத்திரி வைத்திருக்கக் கூடாது என்று கச்சேரி உத்தரவு, அதையும் போன வாரம் இவன்தான் தமுக்கடித்துச் சொன்னான்.

பாவம், சனம் என்ன செய்யும்? போன ஆடிக் கூத்தில் ராஜா வேஷம் கட்டி முடிக்க நேரமாயிற்று, இவன் சும்மா இருக்கலாம் இல்லையா, மார்பில் அடித்துக்கொண்டு, ஐயோ சனங்களே, எம் பொண்டாட்டி ரேணுகாம்பா பேதியில பூட்டா, தூக்க நாலு பேர் வாங்களேன் என்று ஒப்பாரி வைத்தான். கூட்டத்திலிருந்து அவள் எழுந்து, அட பாவி, நான் இங்கதான குந்திகினு கீறேன் என்று கத்தினாள். ஊரே உருண்டு சிரித்தது. அப்புறம் களம்பூர், சந்தவாசல், சேத்துப்பட்டு, போன இடமெல்லாம் அதையே கேட்டார்கள், அவளும் வெற்றிலையை மென்றுகொண்டே சரியான நேரத்துக்கு எழுந்திருப்பாள், ஒரு தடவைகூடத் தப்பியதில்லை…

நாலாவது தெருவில் பட்டுப் பாவு நீட்டியிருந்தார்கள், தெரு நீளத்துக்குச் சிவப்பு நூல். தமுக்கை அடித்தான். ரேணுகாம்பா பூட்டா, பேதி, தூக்க நாலு பேர் வாங்க. அதே வார்த்தை, அதே ராகம், வேறு ராகம் தொண்டையில் இல்லவே இல்லை. நெசவுகாரர் ராஜவேலு பாவை விட்டுக் கையெடுக்காமல் சிரித்தார், இன்னா சடையப்பா, ஐப்பசி வந்தும் அதே கூத்தா, ஜல்தி கூப்பிடு உன் வீட்டுக்காரிய. நெசந்தாங்க என்றான், அதற்கும் சிரித்தார்கள். பிறகு எல்லாரும் தெருக்கோடியைத் திரும்பிப் பார்த்தார்கள், அவள் எழுந்திருக்கிற இடம் வந்துவிட்டது, இவனும் திரும்பிப் பார்த்தான். யாரும் எழுந்திருக்கவில்லை. ஒரு ஆடு நின்றுகொண்டிருந்தது. ராஜவேலுவின் சிரிப்பு பாதியில் நின்றது, அடக் கடவுளே, நெசமாவா என்றார், நூலை விட்டார், துண்டை உதறி இடுப்பில் கட்டினார், பின்னாலேயே இன்னும் மூன்று பேர். நாலு பேர் ஆயிற்று. வா சடையப்பா, போலாம் என்றார்கள்.

அவன் நகரவில்லை. நாலு தெருவிலும் சொல்லி முடித்ததும் கொஞ்சம் நிறுத்தினோமே, தூக்க வரும் ஆளுக்காகத்தான் நிறுத்தினோமா? அடுத்ததைச் சொல்ல வேண்டியவள் அவள். அதற்குப் பிறகு இவனுக்கு வசனமே கிடையாது, எப்போதும் சனத்தின் சிரிப்புதான்.